ஏப்ரல் 15-க்குள் ஃபெடரல் ரிட்டர்ன் போட்டால் போதுமா? மாநில, உள்ளூர் வரிகளின் கெடு பற்றி

வந்த கேள்வி இது. நியூ ஜெர்சி எடிசனில் பல வருடம் இருந்த தம்பதி, இருவரும் எச்-1பி. 2025 ஆகஸ்டில் டெக்சஸ் ஃப்ரிஸ்கோவுக்குக் குடிவந்துவிட்டார்கள். கணவர் மன்ஹாட்டன் ஆபீஸுக்கு ரயிலில் போய் வந்தவர். அதே வேலையை இப்போது ஃப்ரிஸ்கோ வீட்டில் இருந்தே பார்க்கிறார். மனைவி நியூ ஜெர்சி வேலையை விட்டுவிட்டு டாலஸில் வேறு கம்பெனியில் சேர்ந்திருக்கிறார். அக்டோபரில் ஃப்ரிஸ்கோவில் புதிதாகக் கட்டிய வீட்டை வாங்கியிருக்கிறார்கள். எடிசன் காண்டோவை விற்காமல் வாடகைக்கு விட்டிருக்கிறார்கள். கேட்டவர் மனைவி: "டெக்சஸில் மாநில வருமான வரி கிடையாது. அப்படியென்றால் ஏப்ரல் 15-க்குள் ஃபெடரல் ரிட்டர்ன் மட்டும் போட்டால் போதும்தானே? முடியாவிட்டால் எக்ஸ்டென்ஷன் வாங்கி அக்டோபரில் பார்த்துக்கொள்ளலாமா?"

போதாது. உங்கள் கணக்கில் ஃபெடரலைத் தவிர மூன்று மாநில ரிட்டர்ன்கள் இருக்கின்றன, இரண்டு மாநிலங்களில் சொத்து வரி இருக்கிறது. எக்ஸ்டென்ஷன் என்பது பேப்பரைத் தாமதமாகக் கொடுக்க அனுமதி, அவ்வளவுதான். பணம் ஏப்ரல் 15 அன்றே போய்ச் சேர்ந்திருக்க வேண்டும். மாநிலங்களுக்கும் இதே கதைதான்.

ஒவ்வொரு வரிக்கும் மூன்று தேதிகள் உண்டு. எந்த நாள் நிலவரத்தை வைத்து வரி போடுகிறார்கள், எந்த நாளுக்குள் தாக்கல் செய்ய வேண்டும், எந்த நாளுக்குள் பணம் கட்ட வேண்டும். வருமான வரியில் பின்னிரண்டும் பெரும்பாலும் ஒரே நாளில் விழுவதால் நமக்கு வித்தியாசம் தெரிவதில்லை. கோவிட் வந்த 2020-ல் அது வெளிப்படையாகத் தெரிந்தது. ஃபெடரல் வரியும் கலிபோர்னியா வருமான வரியும் ஜூலை 15-க்குத் தள்ளிப் போயின. வர்ஜீனியாவோ தாக்கலுக்கு மே 1 என்பதை மாற்றவே இல்லை, பணம் கட்ட மட்டும் ஜூன் 1 வரை விட்டது. கலிபோர்னியா கவுன்டிகளின் சொத்து வரித் தவணை ஏப்ரல் 10 அன்று அசையாமல் நின்றது. "எல்லாம் ஜூலைக்குப் போய்விட்டதே" என்று நினைத்தவர்கள் மாட்டிக்கொண்டார்கள்.

உங்கள் கணவரின் நியூயார்க் சங்கதியை முதலில் பார்ப்போம், பணம் அங்கேதான் அதிகம். ஜனவரி முதல் ஆகஸ்ட் வரை அவர் மன்ஹாட்டனில் வேலை செய்த சம்பளத்துக்கு நியூயார்க் மாநிலத்தில் வெளியூர்க்காரர் ரிட்டர்ன், அதாவது ஐடி-203, போட வேண்டும். நியூயார்க் நகர வருமான வரி உங்களுக்கு இல்லை. வெளியிலிருந்து வந்து போகிறவர்களிடம் வாங்கிக்கொண்டிருந்த வரியை 1999-ல் எடுத்துவிட்டார்கள். இதுவரை நீங்கள் அறிந்ததுதான்.

அறியாதது ஆகஸ்டுக்குப் பிறகு வருகிறது. ஃப்ரிஸ்கோ வீட்டில் உட்கார்ந்து வேலை செய்கிற நாட்களையும் நியூயார்க், தன் மண்ணில் வேலை செய்த நாட்களாகவே எடுத்துக்கொள்ளும். அவர் இன்னும் மன்ஹாட்டன் ஆபீஸின் ஆள், டெக்சஸில் இருப்பது அவருடைய சௌகரியத்துக்காக, கம்பெனி அப்படி இருக்கச் சொல்லிக் கட்டாயப்படுத்தவில்லை என்றால் அதுதான் அங்குள்ள விதி. எட்வர்ட் ஜெலின்ஸ்கி என்ற சட்டப் பேராசிரியர் கனெக்டிகட்டில் தன் வீட்டில் இருந்து வேலை செய்த நாட்களுக்காக இதை எதிர்த்து வழக்காடி, 2003-ல் நியூயார்க்கின் மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் தோற்றார். வரிச் சட்டம் கற்பிக்கிறவருக்கே அந்த நிலைமை.

நியூ ஜெர்சியில் இருந்தவரை இந்த விதி உங்களை அதிகம் கடிக்கவில்லை, ஏனென்றால் நியூயார்க்கில் கட்டிய வரிக்கு நியூ ஜெர்சி கழிவு கொடுத்தது. டெக்சஸில் மாநில வருமான வரியே இல்லை, கழிக்க ஒன்றுமில்லை. ஆக, "வரியில்லாத மாநிலத்துக்கு வந்துவிட்டோம்" என்பது உங்களுக்குச் சரி, அவருக்கு இப்போதைக்குச் சரியில்லை. கம்பெனியில் சம்பளப் பிரிவு அவருடைய விலாசம் மாறியதைப் பார்த்ததும் நியூயார்க் பிடித்தத்தை நிறுத்திவிட்டதா என்று கடைசி பே-ஸ்டப்பை எடுத்துப் பாருங்கள். நிறுத்தியிருந்தால் கையில் வரும் பணம் கூடியிருக்கும், மனசுக்கும் சந்தோஷமாக இருந்திருக்கும். ஏப்ரல் 15 அன்று மொத்தமாகக் கட்ட வேண்டி வரும். டாலஸில் அந்தக் கம்பெனிக்கு உண்மையான கிளை இருந்து, அவரை அந்தக் கிளைக்கு எழுத்துப்பூர்வமாக மாற்றினால் கதை வேறு. எச்ஆரிடம் கேட்க வேண்டிய கேள்வி அது ஒன்றுதான்.

நியூ ஜெர்சிக்கு வருவோம். ஆகஸ்ட் வரை அங்கே குடியிருந்ததால் இருவரும் சேர்ந்து பகுதி ஆண்டுக் குடியிருப்பாளராக என்ஜே-1040. அதற்குப் பின் காண்டோ வாடகை வந்துகொண்டிருப்பதால், குடியிருக்காத மாதங்களுக்கு என்ஜே-1040என்ஆர் என்று இன்னொன்று. ஒரே மாநிலத்துக்கு ஒரே வருடத்தில் இரண்டு ரிட்டர்னா என்று கேட்பீர்கள். ஆமாம். நியூயார்க்கையும் சேர்த்து மூன்றுக்கும் கெடு 2026 ஏப்ரல் 15, புதன்கிழமை. உங்களுடைய டாலஸ் சம்பளத்துக்கு எந்த மாநிலமும் நேரடியாக வரி போடாது. ஆனால் கூட்டு ரிட்டர்ன் போடும்போது நியூயார்க் உங்கள் இருவரின் மொத்த வருமானத்தையும் வைத்து வரியைக் கணக்கிட்டு, அதில் தன் பங்கு எத்தனை சதவீதமோ அதை மட்டும் எடுத்துக்கொள்ளும். உங்கள் சம்பளம் அதில் ஏன் வருகிறது என்று பதற வேண்டாம்.

வேலையைச் செய்யும் வரிசை முக்கியம். நியூயார்க் ரிட்டர்னை முதலில் முடியுங்கள், அப்புறம் நியூ ஜெர்சி. நியூயார்க்கில் வரி எவ்வளவு என்று தெரிந்தால்தான் நியூ ஜெர்சியில் கழிவைப் போட முடியும். டர்போடாக்ஸ் மாதிரி மென்பொருளில் தலைகீழாகப் போனால் கழிவு பூஜ்யமாக விழுந்து, நியூ ஜெர்சிக்குப் பெரிய தொகை காட்டும். அதைப் பார்த்து பயந்து கட்டியவர்களும் உண்டு. கம்பெனி கொடுக்கும் ஆண்டுச் சம்பளப் படிவமான டபிள்யூ-2-வில் கீழே மாநிலங்களுக்கான பகுதி இருக்குமே, 15, 16, 17-ஆம் கட்டங்கள், அதில் கணவருக்கு நியூயார்க் சம்பளம் என்று முழு வருடத் தொகையும், அதன் கீழேயே நியூ ஜெர்சி என்று இன்னொரு தொகையும் இருக்கலாம். இரண்டையும் கூட்டினால் அவர் வாங்கியதைவிட அதிகம் வரும். அது பிழையல்ல, ஒரே சம்பளத்தை இரண்டு மாநிலமும் பார்க்கிறது என்று அர்த்தம்.

எக்ஸ்டென்ஷன் விஷயத்தில் மாநிலத்துக்கு மாநிலம் குணம் வேறு. நியூயார்க் தன்னுடைய ஐடி-370 படிவத்தை ஏப்ரல் 15-க்குள் எதிர்பார்க்கும். நியூ ஜெர்சியில் வரியில் 80 சதவீதமாவது அன்றைக்குள் கட்டியிருந்து, ஃபெடரல் எக்ஸ்டென்ஷனும் வாங்கியிருந்தால் தானாகவே அக்டோபர் 15 வரை கிடைக்கும். ஃபெடரல் எக்ஸ்டென்ஷன் இல்லாவிட்டால் என்ஜே-630 போட வேண்டும். கலிபோர்னியா யாரையும் எதையும் கேட்காமல் ஆறு மாதம் கொடுக்கும். வர்ஜீனியாவும் அப்படித்தான், ஆனால் 90 சதவீதத்தை மே 1-க்குள் கட்டியிருக்க வேண்டும்.

கையில் பணம் இல்லை, அதனால் ரிட்டர்னையும் போடவில்லை என்று சிலர் சும்மா இருந்துவிடுகிறார்கள். இதைவிட மோசமான முடிவு கிடையாது. நியூயார்க்கில் தாக்கல் செய்யாததற்கு அபராதம், பாக்கி வரியில் மாதம் 5 சதவீதம், 25 சதவீதம் வரை போகும். தாக்கல் செய்துவிட்டுப் பணம் கட்டாமல் இருந்தால் மாதம் அரை சதவீதம். பத்தில் ஒரு பங்கு. வட்டி இரண்டிலும் தனி. ரிட்டர்னைப் போட்டுவிட்டு, முடிந்ததைக் கட்டிவிட்டு, மீதிக்குத் தவணை கேளுங்கள், ஆன்லைனிலேயே கேட்கலாம். மாறாக, உங்களுக்குத்தான் பணம் திரும்ப வர வேண்டும் என்றால் தாமதத்துக்கு அபராதம் பொதுவாக இல்லை. அதற்காக வருடக்கணக்கில் விட்டுவிடாதீர்கள். நியூயார்க்கிலும் நியூ ஜெர்சியிலும் 3 ஆண்டு தாண்டினால் அந்தப் பணம் போனதுதான், கலிபோர்னியாவில் 4 ஆண்டு.

2026-ஆம் ஆண்டுக்கான முன்தவணைகளையும் இப்போதே யோசியுங்கள். காண்டோ வாடகையில் யாரும் வரி பிடிப்பதில்லை. பிடித்தம் போக நியூ ஜெர்சிக்கு 400 டாலருக்கு மேல் பாக்கி வரும் என்றாலோ, நியூயார்க்குக்கு 300 டாலர் வரும் என்றாலோ முன்தவணை கட்ட எதிர்பார்ப்பார்கள். ஏப்ரல் 15, ஜூன் 15, செப்டம்பர் 15, பிறகு 2027 ஜனவரி 15. காலாண்டு என்று பேர்தானே தவிர, இடைவெளி ஒரே சீராக இல்லை: முதல் இரண்டு தவணைக்கு நடுவே இரண்டே மாதம். ஏப்ரலில் ரிட்டர்னுக்கும் தவணைக்கும் சேர்த்துக் கட்டிவிட்டு மூச்சுவிடுவதற்குள் ஜூன் வந்து நிற்கும். இந்தத் தொல்லையே வேண்டாம் என்றால், கணவரின் நியூயார்க் பிடித்தத்தைச் சற்றுக் கூட்டச் சொல்லிவிடுவதே எனக்குப் பிடித்த வழி. பிடித்தம் எந்த மாதத்தில் நடந்தாலும் வருடம் முழுக்கச் சமமாகக் கட்டியதாக எடுத்துக்கொள்வார்கள். தவணைக்கு அந்தச் சலுகை கிடையாது.

இனி ஃப்ரிஸ்கோ வீடு. வருமான வரி இல்லாத குறையை டெக்சஸ் சொத்து வரியில் தீர்த்துக்கொள்கிறது, அதனால் இங்கே நிதானமாகப் படியுங்கள்.

ஒவ்வொரு வருடமும் ஜனவரி 1 அன்று உங்கள் சொத்து எந்த நிலையில் இருந்ததோ அதற்குத்தான் அந்த வருட வரி. பில் அக்டோபர், நவம்பரில் வரும். கட்டக் கடைசி நாள் அடுத்த ஜனவரி 31. நீங்கள் வாங்கியது புது வீடு. 2025 ஜனவரி 1 அன்று அங்கே அநேகமாக வெறும் மனை இருந்திருக்கும், இல்லை பாதிச் சுவர். ஆகவே 2025-க்கான பில் சின்னதாக வந்திருக்கும், வங்கி அதை எஸ்க்ரோவில் இருந்து, அதாவது வீட்டுக் கடன் தவணையோடு சேர்த்து வாங்கி வைக்கும் வரிப் பணத்தில் இருந்து, கட்டியிருக்கும். அந்தச் சின்ன பில்லை வைத்தே உங்கள் மாதத் தவணையும் கணக்கிடப்பட்டிருந்தால் இந்த வருடம் ஆபத்து. 2026 ஜனவரி 1 அன்று முழு வீடு நிற்கிறது. முழு வீட்டுக்கான பில் 2026 இலையுதிர்காலத்தில் வரும், அதைக் கட்டிய பிறகு எஸ்க்ரோவில் துண்டு விழும். பழைய துண்டையும் அடைத்து, புதிய வரிக்கும் சேர்த்துத் தவணை ஏறும்போது மாதத்துக்குப் பல நூறு டாலர் கூடியதாகப் புது வீடு வாங்கிய எத்தனையோ பேர் புலம்புவதைக் கேட்டிருக்கிறேன். கவுன்டி இணையதளத்தில் பக்கத்துத் தெருவில் முடிந்த வீடுகளின் வரியைப் பாருங்கள். அதை 12-ஆல் வகுத்து, எஸ்க்ரோவில் இப்போது போகிற தொகையோடு ஒப்பிடுங்கள். வித்தியாசத்தை இப்போதிருந்தே தனியாக எடுத்து வையுங்கள், அல்லது வங்கியிடம் சொல்லி எஸ்க்ரோவைக் கூட்டுங்கள்.

அடுத்தது ஹோம்ஸ்டெட் விலக்கு. சொந்த வீட்டில் குடியிருப்பவர்களுக்குப் பள்ளி மாவட்ட வரியில் வீட்டு மதிப்பில் இருந்து ஒரு தொகையைக் கழித்துவிட்டு மீதிக்குத்தான் வரி. அது 2023-ல் 1,00,000 டாலர் ஆனது, 2025 முதல் 1,40,000. இது தானாக வராது, நீங்கள் விண்ணப்பிக்க வேண்டும், கெடு ஏப்ரல் 30. விண்ணப்பம் போக வேண்டிய இடம் மதிப்பீட்டு மாவட்டம், அதாவது சொத்துகளுக்கு மதிப்புப் போடும் ஆபீஸ். வரி வசூலிக்கும் ஆபீஸ் வேறு. ஃப்ரிஸ்கோ இரண்டு கவுன்டிகளில் விரிந்து கிடக்கிற ஊர், அதனால் உங்கள் வீடு காலின் கவுன்டியா டென்டன் கவுன்டியா என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஓட்டுநர் உரிமத்தில் இந்த வீட்டின் விலாசம் இருக்க வேண்டும். எடிசன் விலாசத்தோடோ, முதலில் எடுத்த அபார்ட்மென்ட் விலாசத்தோடோ அனுப்பினால் திரும்பி வரும். ஆகையால் உரிமத்தை மாற்றுகிற வேலையை ஏப்ரலுக்கு வைத்துக்கொள்ளாதீர்கள். தவறிப்போனாலும் பின்னால் விண்ணப்பிக்க இரண்டு ஆண்டு அவகாசம் உண்டு. இந்த விலக்கு இருந்தால் பிறகு வரும் வருடங்களில் வரிக்கான மதிப்பு ஆண்டுக்கு 10 சதவீதத்துக்கு மேல் ஏறக் கூடாது என்ற பாதுகாப்பும் கிடைக்கும். ஃப்ரிஸ்கோ மாதிரி விலை ஏறும் ஊரில் இது பெரிய விஷயம். "விலக்கு வாங்கித் தருகிறோம், கட்டணம் அனுப்புங்கள்" என்று தனியார் அனுப்பும் கடிதங்களைக் குப்பையில் போடுங்கள். விண்ணப்பம் இலவசம்.

ஏப்ரல், மே வாக்கில் மதிப்பீட்டு நோட்டீஸ் வரும். மதிப்பு அதிகம் என்று தோன்றினால் மே 15, அல்லது நோட்டீஸ் அனுப்பிய நாளிலிருந்து 30 நாள், இரண்டில் எது பிந்தியதோ அதற்குள் ஆட்சேபிக்கலாம். வாங்கிய விலைக்கான க்ளோசிங் பேப்பர் உங்களிடம் இருக்கிறது; அதைவிட அவர்கள் மதிப்பு அதிகமாக இருந்தால் தயங்காமல் ஆட்சேபியுங்கள். அக்டோபரில் பில் வந்த பிறகு "மதிப்பு அநியாயம்" என்று போய் நின்றால் கேட்க ஆள் இல்லை. சண்டை போடும் மாதம் மே, பணம் கட்டும் மாதம் ஜனவரி.

கட்டத் தவறினால் என்ன ஆகும்? ஒரு கணக்கு போட்டுக் காட்டுகிறேன். பில் 9,000 டாலர் என்று வையுங்கள். பிப்ரவரியில் அபராதமும் வட்டியும் சேர்த்து 7 சதவீதம், 630 டாலர். மார்ச்சில் 9 சதவீதம். இப்படி மாதாமாதம் ஏறி ஜூலையில் 18 சதவீதம், அதாவது 10,620 டாலராக நிற்கும். அந்த மாதம் பாக்கியை வசூல் வக்கீல்களிடம் கொடுத்துவிட்டால் அதன் மேல் 20 சதவீதம் வரை அவர்கள் கட்டணம். 12,744. அரை வருடத்தில் 3,744 டாலர் காணாமல் போயிற்று. "பில் வரவில்லை" என்பது செல்லாது. பில் கிடைக்காவிட்டாலும் கெடு கெடுதான் என்று டெக்சஸ் சட்டமே சொல்கிறது. ஒரே ஆறுதல், கெடு சனி ஞாயிறில் விழுந்தால் அடுத்த வேலை நாள். 2027 ஜனவரி 31 ஞாயிறு, ஆகவே பிப்ரவரி 1 திங்கள்.

எஸ்க்ரோ இருக்கிறதே, வங்கி பார்த்துக்கொள்ளும் என்பீர்கள். பெரும்பாலும் பார்த்துக்கொள்ளும். ஆனால் புது வீட்டுக் கடன் முதல் வருடத்தில் கை மாறுவது சகஜம். பழைய வங்கி புதியவர் கட்டுவார் என்று நினைக்க, புதியவருக்கு பில்லே போயிருக்காது. டிசம்பர் நடுவில் ஒருநாள் கவுன்டி வரி ஆபீஸ் தளத்தில் உங்கள் விலாசத்தைப் போட்டு, கட்டியாகிவிட்டதா என்று பார்த்துவிடுங்கள். இரண்டு நிமிட வேலை. புதுக் குடியிருப்புகளில் சாலை, சாக்கடைக்கென்று தனி மாவட்டங்கள் விதிக்கிற கட்டணம் வேறு பில்லாக வந்தால் அது எஸ்க்ரோவில் சேர்ந்திருக்கிறதா என்பதையும் கேளுங்கள்.

டிசம்பரா ஜனவரியா என்பதில் ஃபெடரல் வரிக்கும் சம்பந்தம் உண்டு. சொத்து வரியை எந்த வருடம் கட்டினீர்களோ அந்த வருடக் கழிவில்தான் வரும். மாநில, உள்ளூர் வரிகளுக்கான கழிவு உச்சவரம்பு 2018 முதல் 10,000 டாலராக இருந்து, 2025-க்கு 40,000 ஆகியிருக்கிறது (மிக அதிக வருமானம் உள்ளவர்களுக்குக் குறைந்துகொண்டே வரும்). பழைய வரம்பில் உங்கள் நியூயார்க் வரியே அதை நிரப்பியிருக்கும், சொத்து வரியால் பயனிருந்திருக்காது. இப்போது இடம் இருக்கிறது, ஆகவே 2026 பில்லை டிசம்பரிலேயே கட்டச் சொல்லலாமா என்று கணக்குப் பார்ப்பது வீண் வேலையல்ல.

கார்களை ஓட்டிக்கொண்டுதானே வந்தீர்கள்? டெக்சஸில் குடியேறிய 30 நாளுக்குள் பதிவு செய்ய வேண்டும், புதுக் குடியேறி என்று ஒரு காருக்கு 90 டாலர் வரி. இன்னும் நியூ ஜெர்சி நம்பர் பிளேட்டோடு ஓடுகிறதென்றால் முதலில் அதை முடியுங்கள்.

எடிசன் காண்டோவின் சொத்து வரி வேறு தாளத்தில் போகும்: பிப்ரவரி 1, மே 1, ஆகஸ்ட் 1, நவம்பர் 1. பெரும்பாலான ஊர்களில் 10-ஆம் தேதி வரை சலுகை உண்டு. 11-ஆம் தேதி கட்டினால் ஒரு நாள் வட்டி என்று நினைக்காதீர்கள், 1-ஆம் தேதியில் இருந்து போடுவார்கள். பாக்கியில் முதல் 1,500 டாலருக்கு ஆண்டுக்கு 8 சதவீதம், அதற்கு மேல் 18 வரை. தபால் முத்திரைத் தேதியை இங்கே மதிக்க மாட்டார்கள், பணம் ஆபீஸில் வந்து சேர்ந்த நாள்தான் கணக்கு. ஃப்ரிஸ்கோவில் இருந்து 8-ஆம் தேதி செக் அனுப்புகிற வேலை வேண்டாம். பில் வருடத்துக்கு ஒரே தடவை, கோடையில் வரும். அதில் நான்கு தவணையும் இருக்கும், அடுத்த வருட பிப்ரவரி, மே உட்பட. காண்டோவுக்குக் கடன் முடிந்து நீங்களே நேரடியாகக் கட்டுகிறவர்கள் என்றால் ஊர் வரி ஆபீஸில் விலாசத்தை மாற்றுங்கள், போஸ்ட் ஆபீசில் மாற்றியதை நம்பி இருக்காதீர்கள். பாக்கி நின்றால் அங்கே வீட்டின் மேலான வரிப் பாக்கியையே ஏலம் விட்டு வெளி முதலீட்டாளர்களுக்கு விற்றுவிடுவார்கள். நம்மூரில் மாநகராட்சிக்கு அரையாண்டு வரி இரண்டு முறை தவறினாலும் வீட்டைச் சுற்றி இந்த மாதிரி முதலீட்டாளர் யாரும் வருவதில்லை. அந்தப் பழக்கத்தில் இருந்துவிடாதீர்கள்.

உங்கள் பதில் இவ்வளவுதான். வேறு மாநிலத்தில் இருந்து இதைப் படிப்பவர்களுக்காகச் சில.

கலிபோர்னியாவில் சொத்து வரி டிசம்பர் 10, ஏப்ரல் 10. தவறினால் ஒரு நாளானாலும் 10 சதவீதம் அபராதம். வீடு வாங்கிய சில மாதத்தில் வாங்கிய விலைக்கும் பழைய மதிப்புக்கும் உள்ள வித்தியாசத்துக்குத் துணை பில் என்று தனியாக ஒன்று வரும், அதற்குக் கெடுவும் தனி. அது உங்கள் பேருக்கு நேராக வரும், எஸ்க்ரோ வைத்திருக்கும் வங்கி பொதுவாக அதைக் கட்டாது. ஃப்ரீமாண்டிலும் சன்னிவேலிலும் முதல் வீடு வாங்குகிறவர்கள் "இது வங்கிக்குப் போக வேண்டிய பில்" என்று டிராயரில் போட்டுவிடுவது இதைத்தான். வருமான வரி முன்தவணையும் அங்கே கால் கால் கால் காலாகக் கிடையாது: ஏப்ரலில் 30 சதவீதம், ஜூனில் 40, செப்டம்பரில் ஒன்றுமில்லை, ஜனவரியில் 30. ஆர்எஸ்யு (கம்பெனி ஊழியர்களுக்குக் கொடுக்கும் பங்கு) விற்றவர்கள் கவனிக்கவும், ஒரே தடவையில் 20,000 டாலருக்கு மேல் முன்தவணை கட்டினால் அதிலிருந்து எல்லாமே ஆன்லைனில்தான் கட்ட வேண்டும். அப்புறமும் செக் அனுப்பினால் 1 சதவீதம் அபராதம்.

வர்ஜீனியாவில் மாநில ரிட்டர்ன் மே 1. காருக்கும் ஆண்டு வரி உண்டு. ஃபேர்ஃபாக்ஸில் அக்டோபர் 5, லவுடனில் மே 5, அக்டோபர் 5 என்று இரண்டு. ஆஷ்பர்னுக்குக் குடிபோனவர்களுக்கு முதல் வருடம் இது நிச்சயம் அதிர்ச்சி. டெலவேர், அயோவா ஏப்ரல் 30; லூசியானா மே 15; ஹவாய் ஏப்ரல் 20.

பென்சில்வேனியாவிலும் ஒஹாயோவிலும் ஊருக்கென்றே வருமான வரி இருக்கிறது, ரிட்டர்னும் தனி, கெடு அதே ஏப்ரல் 15. மென்பொருளில் மாநில ரிட்டர்னை அனுப்பியதோடு முடிந்தது என்று நினைப்பவர்கள் இங்கேதான் விழுவார்கள். பென்சில்வேனியா உள்ளூர் ரிட்டர்னை வசூல் முகமையின் தளத்திலோ தபாலிலோ தனியாகக் கொடுக்க வேண்டும், ஒரு டாலர் பாக்கி இல்லாவிட்டாலும். ஒஹாயோவில் பல ஊர்களிலும் அதே. நியூயார்க் நகரம், மேரிலாந்து கவுன்டிகள், இந்தியானா கவுன்டிகளின் வரி மட்டும் மாநில ரிட்டர்னுக்குள்ளேயே வந்துவிடும். இந்தியானாவில் ஜனவரி 1 அன்று எந்தக் கவுன்டியில் இருந்தீர்களோ வருடம் முழுக்க அந்தக் கவுன்டி விகிதம்தான், ஜனவரி 2 அன்று வீடு மாறினாலும்.

ஆரெகனில் போர்ட்லண்ட் வட்டாரத்துக்கு, ஹில்ஸ்பரோவில் இன்டெலில் இருக்கும் நம்மவர்கள் உட்பட, தனி நபருக்கு 1,25,000, தம்பதிக்கு 2,00,000 டாலர் தாண்டினால் மெட்ரோ வரி என்று தனி ரிட்டர்ன். மல்ட்னோமா கவுன்டியில் குடியிருந்தால் மழலையர் பள்ளிக்கென்று இன்னொன்று. வாஷிங்டன் மாநிலத்தில் சம்பளத்துக்கு வரியில்லை, ஆனால் 2022 முதல் பங்கு விற்ற பெரிய லாபத்துக்கு 7 சதவீதத்தில் ஆரம்பிக்கும் வரி உண்டு. அதற்கும் ஏப்ரலில்தான் தாக்கல்.

கட்டும் முறையைப் பற்றி ஒன்று. கவுன்டியின் சொந்தத் தளத்தில் வங்கிக் கணக்கில் இருந்து கட்டி, உறுதி எண் வரும் பக்கத்தைச் சேமித்து வையுங்கள். கடன் அட்டைக்குப் பெரும்பாலும் 2 சதவீதத்துக்கு மேல் கட்டணம் போகும், 9,000 டாலருக்கு அது கணிசம். தபாலில்தான் அனுப்புவேன் என்றால், தபால் முத்திரையை மதிக்கிற இடங்களுக்கும் கடைசி நாள் மாலை பெட்டியில் போடாதீர்கள். பெட்டியில் போட்ட நாளுக்கும், பிரித்தடுக்கும் நிலையத்தில் இயந்திரம் முத்திரை குத்தும் நாளுக்கும் இப்போது வித்தியாசம் வருகிறது. கவுன்ட்டரில் கொடுத்து, அங்கேயே கையால் முத்திரை குத்தச் சொல்லிக் கேளுங்கள், அதற்குக் காசு வாங்குவதில்லை.